அடிவரை போன கை

குழாய்க்காரருக்கு அளவு நாடாவைக் கண்டாலே இளக்காரம். முப்பத்தோரு வருடமாகக் குழாய் வேலை பார்க்கிறவர். பையில் ஒரு நாடா இருக்கத்தான் இருந்தது. ஆனால் அது வீட்டுக்காரர்களுக்குக் காட்டுவதற்கு. அளக்காமல் வெட்டினால் பயந்துபோவார்களே என்று நாடாவை நீட்டி, ஒரு 'ம்' கொட்டிவிட்டு, பிறகு தன் கைக்கணக்கில்தான் வெட்டுவார். வெட்டிய துண்டு போய்க் கச்சிதமாக உட்காரும். அடைப்பு எடுப்பதும் அப்படித்தான். சுருள்கம்பியை உள்ளே விட்டுக்கொண்டே முகத்தை வேறு பக்கம் திருப்பி, வீட்டுக்காரரிடம் நாட்டு நடப்பு பேசிக்கொண்டிருப்பார். எங்கே வளைவு, எங்கே முடி சுருண்டு கிடக்கிறது, எங்கே அடி என்பதையெல்லாம் கம்பி அவர் உள்ளங்கைக்குச் சொல்லிவிடும். அடியைத் தொட்டு ஒரு சுழற்று சுழற்றினால்தான் அவருக்கு வேலை முடிந்த மாதிரி. அதற்கு முன்னால் தண்ணீர் இறங்க ஆரம்பித்தாலும் விடமாட்டார்.

அந்தக் கையால்தான் மனைவியின் குரல் போனது என்று இப்போது நினைக்கிறார். யாரும் அவரிடம் அப்படிச் சொல்லவில்லை. டாக்டர்கூடச் சொல்லவில்லை. யாராவது முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால் கொஞ்சம் பரவாயில்லாமல் இருந்திருக்கும்.

அவர் மனைவி பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளர். மாடிப்படிக்குக் கீழே ஒரு கண்ணாடி அறை, ஒரு மைக், தலையை ஆட்டி ஆட்டிச் சுற்றும் ஒரு மின்விசிறி, நேர அட்டவணை ஒட்டிய பழுப்பு அட்டை. பத்தொன்பது வருடம் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். நேரில் வாயைத் திறந்து பேசுகிறவள் இல்லை. நாலு பேர் கூடிய இடத்தில் சுவரோரமாக நிற்பாள். மைக்குக்கு முன்னால் உட்கார்ந்தால் மட்டும் வேறு ஆள். ஓட்டுநர்கள் அவளை 'மைக் அக்கா' என்பார்கள். ஊரில் பாதிப் பேருக்கு அவள் குரல் தெரியும், முகம் தெரியாது. "எங்கக்கா கடையில போய் ரெண்டு கிலோ வெங்காயம் கேட்டா, பக்கத்துல நிக்கறவன் பையத் தூக்கிட்டு பஸ் ஏறக் கிளம்பிடுவான்" என்று அவள் தங்கை கேலி செய்வாள்.

குழாய்க்காரரும் அந்தக் குரலில்தான் விழுந்தார். மூன்றாம் நடைமேடையில் குடிநீர்க் குழாய் சரிசெய்ய வந்தவர், தலைக்கு மேலே ஒலிபெருக்கியில் "மூன்றாவது நடைமேடையில் குழாய் வேலை நடைபெறுவதால் பயணிகள் வழுக்காமல் செல்லவும்" என்று கேட்டதும், கையில் இருந்த திருகுசாவியோடு அண்ணாந்து நின்றுவிட்டார். தன் வேலையை அவ்வளவு அழகாக யாரும் சொல்லி அவர் கேட்டதில்லை. அதற்குப் பிறகு அந்தக் குழாய் வாரத்துக்கு ஒருமுறை கெட்டுப்போனது. ஏன் கெட்டது என்று நிலைய மேலாளருக்குக் கல்யாணப் பத்திரிகை வந்த அன்றுதான் விளங்கியது.

குழந்தைகள் இல்லை. இருவரும் வேலைக்குப் போனார்கள், வந்தார்கள். இப்படிப் பதினெட்டு வருடம் ஓடிய பிறகு, ஒருநாள் காலையில் அவள் பாதம் மரத்துப்போய் இருக்கிறது என்றாள். அடுத்த நாள் மாடிப்படி ஏற முடியவில்லை. நாலாம் நாள் மூச்சு இழுக்க நெஞ்சுக்குத் தெம்பில்லை. நரம்புகளைத் தாக்கும் ஒரு நோய், மெதுவாகத் திரும்பி வந்துவிடும், அதுவரை மிஷின் மூச்சு விடட்டும் என்று மருத்துவமனையில் சொன்னார்கள். முதலில் வாய் வழியாக ஒரு குழாய். நாட்கள் நீண்டதும், கழுத்தில் குரல்வளைக்குச் சற்றுக் கீழே ஒரு துளை போட்டு, அதில் விரல் நீளத்துக்கு வளைந்த ஒரு சின்னக் குழாயை வைத்து, நாடாவால் கழுத்தைச் சுற்றிக் கட்டினார்கள். மிஷினை எடுத்த பிறகும் அந்தக் குழாய் இருந்தது. மூச்சு அதன் வழியாகவே போய் வந்ததால் குரல் இருக்கும் இடத்துக்குக் காற்று ஏறவில்லை. உதடு அசையும், ஒலி வராது.

"பயப்படாதீங்க, இது நிரந்தரம் இல்ல" என்றார் டாக்டர். "அவங்களுக்கு இருமற பலம் வரட்டும். ஆறு வாரம் கழிச்சு கேமரா விட்டு உள்ள பாப்போம். எல்லாம் நல்லா இருந்தா எடுத்துடலாம். துளை தானா மூடிக்கும். குரல் வந்துடும்."

நிலைய மேலாளரும் நல்ல மனிதர். வந்து பார்த்துவிட்டு, "ஆறு மாசம் உங்க நாற்காலிய யாருக்கும் குடுக்க மாட்டேம்மா. அதுக்கு மேல என் கையில இல்ல" என்று சொல்லிவிட்டுப் போனார். அதில் நாலரை மாதம் அன்றைக்கே கழிந்திருந்தது. ஆறு வாரம் போனால் கணக்குச் சரியாக நிற்கும். அவள் எழுதிப் பேச வைத்திருந்த சிறு பலகையில், நடுங்கும் கையால், பெரிய பெரிய எழுத்தில் எழுதிக் காட்டினாள்: 'போதும். நேரத்துக்குப் போயிடுவேன்.' பேருந்தைப் பற்றிச் சொல்வது போலவே எழுதியிருந்தாள்.

வீட்டுக்கு அனுப்பும் முன் ஒரு வாரம் அவருக்குப் பயிற்சி. வீட்டுக்கு வந்து பார்க்கப்போகும் நர்ஸே சொல்லிக்கொடுத்தார். குட்டையான, விறுவிறுப்பான பெண். பேசும்போதே கை வேறு வேலை செய்துகொண்டிருக்கும். கையை எப்படிக் கழுவுவது, உள்குழாயை எப்படித் திருகி எடுத்துச் சின்ன பிரஷ்ஷால் தேய்த்து, அலசி, திரும்ப மாட்டுவது, கழுத்து நாடாவுக்குக் கீழே ஒரு விரல் நுழையும் இடம் எப்படி விடுவது, நாடா மாற்றும்போது குழாய் வெளியே வந்துவிடாமல் இன்னொருவர் ஏன் பிடித்துக்கொள்ள வேண்டும், குளிக்கும்போது ஒரு சொட்டுத் தண்ணீர்கூட ஏன் துளைக்குள் போகக் கூடாது, எல்லாம். மற்ற நோயாளிகளின் சொந்தக்காரர்கள் உள்குழாயை எடுக்கும்போதே வேர்த்து விறுவிறுத்தார்கள். இவர் முதல் தடவையே 'டக்'கென்று எடுத்து 'டக்'கென்று மாட்டினார்.

"ஐயா இதுக்கு முன்னாடி எந்த ஆஸ்பத்திரியில இருந்தீங்க?" என்றார் நர்ஸ்.

"பைப்பு வேல சிஸ்டர்."

வார்டே சிரித்தது. படுக்கையில் இருந்த அவளும் சத்தமில்லாமல் சிரித்தாள். குழாய் வழியாகக் காற்று மட்டும் 'புஸ் புஸ்' என்று வந்தது. அவருக்கு அன்று முழுக்கத் தலை நிமிர்ந்தே இருந்தது.

கடைசியாகச் சளி உறிஞ்சுவது. உறிஞ்சும் மிஷினில் ஒரு ஜாடி, ஜாடியிலிருந்து ஒரு குழாய், அதன் முனையில் மெல்லிய ரப்பர்க் குழல். நர்ஸ் அந்தக் குழலை ஒரு மாற்றுக் குழாயோடு சேர்த்துப் பிடித்துப் பேனாவால் ஒரு கோடு போட்டார். அதே நீளத்துக்கு ஒரு காகிதத் துண்டை வெட்டி அவரிடம் கொடுத்தார். "வீட்டுல கட்டிலுக்குப் பக்கத்துல ஒட்டிக்குங்க. ஒவ்வொரு தடவையும் குழல இதுல வச்சுப் பாருங்க. இவ்வளவுதான் உள்ள போகணும். ஒரு விரக்கட கூடத் தாண்டக் கூடாது. உள்ள இருக்கற சதை நனஞ்ச காகிதம் மாதிரி. போகும்போது உறிஞ்சக் கூடாது. வரும்போதுதான் கட்டைவிரலால பிடியில இருக்கற இந்த ஓட்டைய மூடணும், அப்பதான் உறிஞ்சும். பத்து எண்றதுக்குள்ள வெளிய வந்துடணும். களகளன்னு கேட்டா, மூச்சு சிரமமா இருந்தா மட்டும் பண்ணுங்க. மணி பாத்துப் பண்ற வேல இல்ல இது."

அவர் தலையாட்டினார். காகிதத் துண்டைச் சட்டைப்பையில் மடிக்காமல் வைத்துக்கொண்டு வந்து, கட்டிலுக்குப் பக்கத்துச் சுவரில் ஒட்டவும் செய்தார்.

முதல் இரண்டு வாரம் எந்தக் குறையும் சொல்ல முடியாது. முன்னறையில் ஜன்னலோரம் கட்டில். ஸ்டூல் மேல் மிஷின். ஆணியில் தொங்கும் சுத்தமான பையில் மாற்றுக் குழாய். கொதிக்கவைத்து ஆறவைத்த தண்ணீர் மூடிபோட்ட பாத்திரத்தில். பிரஷ் ஒரு டப்பா, நாடா ஒரு டப்பா, காஸ் துணி ஒரு டப்பா. எந்தப் பொருளையும் கண்ணை மூடிக்கொண்டு எடுத்துவிடலாம். நாடா மாற்ற வரும் மைத்துனி இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்று பார்த்துவிட்டு, "ஏன் மாமா, எங்கக்காவுக்கு ஒடம்பு சரியில்லாமப் போனாத்தான் உங்களுக்கு வீடு கூட்டத் தெரியும்போல" என்றாள்.

"நீ குழாயப் புடி. வாயத் தொறக்காத."

"என் வாய அடைக்க எந்த பைப்பும் பத்தாது மாமா."

மூன்றாவது வாரம் வறண்ட காற்று அடிக்க ஆரம்பித்தது. எதிர் வீட்டை இடித்துக் கட்டிக்கொண்டிருந்தார்கள். ஜன்னலை மூடினாலும் தூசு நாக்கில் தெரிந்தது. அவளுக்குச் சளி கெட்டியானது. கோட்டளவு விட்டு உறிஞ்சினால் ஜாடியில் நூல் போல ஏதோ வந்தது, களகளப்பு நிற்கவில்லை. குழாய்க்காரர் காதை அவள் நெஞ்சுக்குப் பக்கத்தில் வைத்துக் கேட்டார். சத்தம் கோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்தது. அதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. வாழ்க்கை முழுக்க அவர் கேட்ட சத்தம் அது.

அன்று குழலைக் கோட்டைத் தாண்டி விட்டார். இரண்டு விரற்கடை, மூன்று விரற்கடை. மெத்தென்று ஏதோ தட்டியது. உள்ளங்கை 'அடி' என்றது. அவள் முதுகு வில்லாக வளைந்தது. உடம்பே குலுங்க ஒரு இருமல் இருமினாள். கட்டியாக ஒரு சளி குழாய் வழியே தெறித்து வந்து அவர் சட்டையில் ஒட்டியது. அதற்குப் பிறகு மூச்சு கண்ணாடி போல இருந்தது.

சட்டையில் ஒட்டியதைத் துடைக்கக்கூட அவருக்கு மனம் வரவில்லை. அவ்வளவு சந்தோஷம்.

அதற்குப் பிறகு சுவரில் இருந்த காகிதத்தைப் பார்ப்பதை விட்டுவிட்டார். அது கைக்கணக்குத் தெரியாதவர்களுக்குப் போட்ட கோடு என்று தோன்றிவிட்டது. சிஸ்டரைக் குறை சொல்லவில்லை. எல்லாருக்கும் பொதுவாக ஒன்று சொல்லத்தானே வேண்டும் என்று நினைத்துக்கொண்டார். களகளப்பு வருவதற்கு முன்பே, அடைப்பு வரும்வரை எதற்குக் காத்திருக்க வேண்டும் என்று, இரண்டு மணிக்கொரு தரம் செய்தார். ஒவ்வொரு தடவையும் அடி தொட்டார். ஒவ்வொரு தடவையும் அவள் குலுங்கினாள், ஏதாவது வந்தது. வந்ததைப் பார்த்ததும் தான் செய்வது சரி என்று மறுபடி உறுதியானது.

அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். கண்ணோரம் தண்ணீர் இறங்கியது. பலகையில் 'போதும்' என்று எழுதினாள்.

"போதும்னு குழாய் சொல்லணும். நீ சொல்லக் கூடாது" என்று சிரித்துக்கொண்டே சொன்னார். அன்பாகத்தான் சொன்னார். அந்த வாக்கியத்தை இன்றைக்கு நினைத்தால் நாக்கைக் கடித்துக்கொள்கிறார்.

'வலிக்குது' என்று எழுதினாள்.

"கொஞ்சம் பொறுத்துக்கோ. இன்னும் மூணு வாரம். நாற்காலி காத்துக்கிட்டு இருக்குல்ல?"

நாற்காலி என்றதும் அவள் பலகையை மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டாள்.

மைத்துனி ஒருநாள் பக்கத்தில் நின்று பார்த்துவிட்டு முகம் சுளித்தாள். "மாமா, அது எங்கக்கா தொண்ட. அடுத்த வீட்டு வாஷ்பேசின் இல்ல."

"உனக்கு என்ன தெரியும்? சத்தத்தக் கேளு. எவ்ளோ சுத்தமா இருக்கு பாரு."

"சுத்தமாத்தான் இருக்கு. அவ மூஞ்சியத்தான் பாக்க முடியல."

அவர் காதில் வாங்கவில்லை. வேலை செய்யும் இடத்தில் வீட்டுப் பெண்கள் ஏதாவது சொல்வார்கள், அதற்கெல்லாம் கம்பியை வெளியே எடுத்தால் வேலை முடியாது என்பது அவருடைய பழக்கம்.

நாலாவது வாரம் ஜாடியில் இளஞ்சிவப்பாக ஒரு கோடு மிதந்தது. இரண்டொரு நாளில் கோடு நாலைந்து ஆனது. அவர் அதை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். ரத்தம் என்றால் சொட்டுச் சொட்டாகச் சிவந்து விழும். இது அது இல்லை. பழைய குழாயைக் குடைந்தால் முதல் தண்ணீரில் துரு வருமே, அதுபோல அடியில் கிடந்த பழைய கசடு இப்போதுதான் கிளம்புகிறது என்று நினைத்தார். நல்ல அறிகுறி என்றுகூட நினைத்தார்.

நர்ஸ் வாரம் ஒருமுறை, வியாழக்கிழமை, பதினொரு மணிக்கு வருவார். குழாய்க்காரர் பத்தரைக்கெல்லாம் ஜாடியைக் கொட்டி, சோப்புப் போட்டுத் தேய்த்து, துடைத்துப் பளபளவென்று மிஷினில் மாட்டி வைத்துவிடுவார். எதையும் மறைக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு இல்லை. வேலை செய்த இடத்தை அழுக்காக யாரிடமும் ஒப்படைத்த பழக்கமில்லை, அவ்வளவுதான். அதிகாரி பார்க்க வருகிறார் என்றால் கழிவுநீர்த் தொட்டிகூடக் கழுவித்தான் இருக்கும்.

"எப்படிப் போகுது ஐயா? சளியில ரத்தம் ஏதாவது?" என்றார் நர்ஸ்.

"ஒண்ணும் இல்ல சிஸ்டர். எல்லாம் சுத்தம்."

நர்ஸ் ஜாடியைப் பார்த்தார். முகம் தெரியும் அளவுக்கு இருந்தது. "இப்படி ஒரு வீட்ட நான் பாத்ததில்ல" என்று சிரித்துவிட்டு, அவள் பக்கம் திரும்பினார். "உங்களுக்கு எப்படிம்மா இருக்கு? ஏதாவது கஷ்டம்?"

அவள் கணவனை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு பலகையில் எழுதினாள்: 'நல்லா பாத்துக்கறாங்க.'

கேமரா விடும் நாள் வந்தது. அவள் நிலையத்தில் போடும் நீலக் கோட்டைத் தேய்த்து வைத்திருந்தாள். டாக்டரிடம் போக எதற்கு அந்தக் கோட்டு என்று கேட்டதற்குப் பதில் எழுதவில்லை, போட்டுக்கொண்டாள். கழுத்துப் பொத்தானை மட்டும் குழாய்க்காகத் திறந்து விட்டிருந்தாள்.

மருத்துவமனையில் ஒரு சின்ன அறை. டாக்டர் மெல்லிய கேமராக் குழலைக் கழுத்துத் துளை வழியாக விட்டார். திரையில் ஈரமான, வளையம் வளையமான ஒரு சுரங்கம் தெரிந்தது. குழாய்க்காரருக்குத் தன்னை மறந்து ஒரு ஆர்வம் வந்தது. முப்பத்தோரு வருடத்தில் ஒரு குழாயின் உட்புறத்தை அவர் இப்படிப் பார்த்ததே இல்லை. குழாய் முனையைத் தாண்டியதும் சுரங்கம் குறுகியது. சுவரிலிருந்து சிவப்பாக, கொழகொழவென்று சதை பொங்கி வழியை மறித்திருந்தது. அதன் மேல் சின்னச் சின்ன ரத்தப் பொட்டுகள்.

டாக்டர் கேமராவை அங்கேயே நிறுத்தினார்.

"வீட்டுல சக்ஷன் யாரு போடறது?"

"நான்தாங்க."

"எவ்வளவு உள்ள விடறீங்க?"

குழாய்க்காரர் வலது கையைத் தூக்கி, கட்டைவிரலையும் சுட்டுவிரலையும் அகட்டிக் காட்டப் போனார். பாதியில் கை நின்றுவிட்டது. நர்ஸ் மேசைக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டிருந்தார். அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"அடி தொடற வரைக்கும்" என்றார்.

டாக்டர் கேமராவை மெதுவாக வெளியே எடுத்தார். "ஒரே இடத்துல குழல் திரும்பத் திரும்ப இடிச்சிருக்கு. புண்ணாகி, அந்தப் புண்ணு மேல சதை வளந்துடுச்சு. இப்ப குழாய எடுத்தா அது வழிய அடச்சிடும். அதனால எடுக்க முடியாது. கொஞ்சம் நீளமான குழாய் வச்சு, அந்தச் சதையத் தாண்டி நிக்க விடணும். மருந்து குடுப்போம். அடங்குதான்னு பாக்கணும்."

"எவ்ளோ நாள் ஆகும் டாக்டர்?"

"நாலு மாசம், ஆறு மாசம். அடங்கலன்னா உள்ள ஒரு ஆபரேஷன். குரல் விஷயம் அதுக்கப்புறம்தான் சொல்ல முடியும்." குழாய்க்காரர் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "நல்லது நெனச்சுத்தான் பண்ணியிருக்கீங்க. நெறய வீட்டுல நடக்கறதுதான்."

அந்தக் கடைசி வார்த்தைதான் அவரை உடைத்தது. கத்தியிருந்தால் தலை குனிந்து வாங்கிக்கொண்டிருப்பார்.

நடைவழியில் நர்ஸ் அவரைத் தனியாக நிறுத்தினார். "சளி கெட்டியானா எனக்கு ஒரு போன் பண்ணியிருக்கக் கூடாதா ஐயா? ஆழமாப் போனா சரியாகாது, ஈரம் கூட்டணும். நீராவி பிடிக்க வைக்கலாம், ஈரத்துணி போடலாம், தண்ணி அதிகமாக் குடிக்க வைக்கலாம். சரி, ரத்தமே வரலியா? அது எப்படி?"

"ஜாடியக் கழுவி வச்சேன் சிஸ்டர். நீங்க வர்றீங்கன்னு."

 நர்ஸ் மெதுவாக, "நானும் பளபளன்னு இருக்கறதப் பாத்து ஏமாந்துட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அவள் அங்கே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். நீலக் கோட்டைக் கழற்றி, மடித்து, மடியில் வைத்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் பிற்பகல் குழாய்க்காரர் பேருந்து நிலையத்துக்குப் போனார். அவளால் வர முடியாது என்று யாராவது போய்ச் சொல்லத்தானே வேண்டும். மேலாளர் அறைக்கு வெளியே நின்றபோது தலைக்கு மேல் அறிவிப்பு வந்தது. டிக்கெட் கவுண்டர்ப் பெண் தற்காலிகமாகப் பேசிக்கொண்டிருந்தாள். 'நான்காவது நடைமேடை' என்பதற்கு முன்னால் ஒரு மூச்சு வாங்கினாள். அது அப்படியே ஒலிபெருக்கியில் கேட்டது. அவர் மனைவி மூச்சு வாங்குவது மைக்கில் ஒருநாளும் கேட்டதில்லை.

மேலாளர் எழுந்து நாற்காலி போட்டார். விஷயத்தைக் கேட்டதும், "அடடா" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். "நேத்துகூட டிரைவருங்க கேட்டாங்க, மைக் அக்கா எப்ப வருதுன்னு. ஏன் திடீர்னு இப்படி? நல்லாத்தானே இருந்தாங்க?"

பதில் அவர் நாக்கு நுனியில் இருந்தது. 'நான்தான் காரணம்' என்று இரண்டே வார்த்தை.

"உள்ள சதை வளந்துடுச்சாம். டாக்டர் சொல்றாரு."

"ஒடம்பு விஷயம் யார் கையில இருக்கு? யார் மேலயும் தப்பு சொல்ல முடியாது. நீங்க பாத்துக்கற மாதிரி யாரு பாத்துக்குவா? ஊரே சொல்லுது." மேலாளர் எழுந்து வந்து அவர் தோளைத் தட்டினார். "கெடுவ நீட்டச் சொல்லி நான் முன்னாடியே எவ்வளவோ கேட்டுப் பாத்தேங்க. மேல இருக்கறவங்க ஒத்துக்கல. ஆறு மாசத்துல வரலன்னா அந்தப் பொண்ணயே போட்டுடச் சொல்லிட்டாங்க. அக்காகிட்ட நீங்களே பக்குவமாச் சொல்லிடுங்க."

குழாய்க்காரர் கும்பிட்டுவிட்டு வெளியே வந்தார். அந்தத் தட்டு தோளிலேயே உட்கார்ந்திருந்தது. பேருந்து ஏறவில்லை. நடந்தார்.

வீட்டில் அவள் ஜன்னலோரம் பலகையோடு காத்திருந்தாள். எழுத்து முன்பே தயாராக இருந்தது: 'என்ன சொன்னார்?'

"டிக்கெட் கவுண்டர்ப் பொண்ணயே போட்டுட்டாங்களாம்."

அவள் தலையசைத்தாள். எதிர்பார்த்ததுதான் என்பது போல. அழவில்லை. அழுதால் சளி கூடும் என்று அவளுக்குத் தெரியும்.

குழாய்க்காரர் கட்டிலுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார். "யார் மேலயும் தப்பில்லன்னாரு. நான் வாயத் தொறக்கல. நான்தான் செஞ்சேன்னு சொல்லாம வந்துட்டேன்." கொஞ்சம் பொறுத்து, "இன்னொண்ணும் இருக்கு. ஜாடியில செவப்பா வந்துச்சு. பத்து நாளா வந்துச்சு. சிஸ்டர் வர்றதுக்கு முன்னால கழுவி வச்சுட்டேன். உனக்குத் தெரியாது" என்றார்.

அவள் பலகையைத் துடைத்தாள். நிறைய நேரம் எழுதினாள். கை இப்போது அவ்வளவாக நடுங்குவதில்லை. எழுத்து சின்னதாக, வரிசையாக இருந்தது. எழுதி முடித்து அவர் பக்கம் திருப்பினாள்.

'தெரியும். கழுவுறத ஒவ்வொரு வாரமும் பாத்தேன். சிஸ்டர் கேட்டப்ப எழுதியிருக்கலாம். எல்லார் முன்னாலயும் உங்களத் திட்டுவாங்களேன்னு எழுதல. அவ்வளவு பெருமையா நின்னீங்க.'

அவர் அதை இரண்டு முறை படித்தார். படிப்பு அவருக்கு மெதுவாகத்தான் வரும். இரண்டாம் முறை படித்து முடிப்பதற்குள் அவள் பலகையைத் திருப்பி எடுத்துத் துடைத்துவிட்டாள்.  தன் தப்பு ஒன்றை மட்டும் சுமந்துகொண்டு வந்தவருக்கு, அவளுடையதும் சேர்ந்து இப்போது இரண்டு ஆனது. அவளுடையதும் அவரால் வந்ததுதான்.

அடுத்த வியாழக்கிழமை நர்ஸ் வந்தபோது அவள் பலகையில் எழுதிக் காட்டினாள்: 'எனக்குச் சொல்லிக் குடுங்க. நானே பண்ணிக்கறேன்.' கைகளில் பலம் வந்திருந்தது. ஒரு கண்ணாடியை முன்னால் நிறுத்தி, குழலை அளந்து, மெதுவாக உள்ளே விட்டு, கட்டைவிரலால் ஓட்டையை மூடி, வெளியே எடுக்க மூன்று நாளில் கற்றுக்கொண்டாள். கணவனிடம் கோபமாக எதுவும் காட்டவில்லை. உள்குழாயைத் தேய்ப்பது, தண்ணீர் கொதிக்கவைப்பது, நீராவிக்கு வேண்டியதைச் செய்வது எல்லாம் இன்னும் அவரிடம்தான் இருக்கிறது. சளி எடுக்கும்போது மட்டும் அவரை அறைக்கு வெளியே போகச் சொல்லிக் கையைக் காட்டுகிறாள்.

ஐந்து மாதம் ஆகிறது. சதை பாதி அடங்கியிருக்கிறது, பாதி இருக்கிறது. டாக்டர் இன்னும் ஒன்றும் உறுதியாகச் சொல்லவில்லை. மைத்துனி வந்தால் முன்னைப்போல் வாயாடுகிறாள். அவர்தான் பதிலுக்குப் பதில் பேசுவதில்லை. வெளி வேலைக்குப் போகிறார். இப்போது நாடாவை நீட்டி, இரண்டு தடவை அளந்துதான் வெட்டுகிறார். வெட்டிய பிறகும் சந்தேகமாக இருக்கிறது. அடைப்பு எடுக்க யாராவது கூப்பிட்டால், தெரிந்த வேறொரு ஆளின் நம்பரைக் கொடுத்துவிடுகிறார்.

சாயங்காலம் வீடு திரும்பியதும் கதவுக்கு இந்தப் பக்கம் முக்காலியில் உட்கார்ந்துகொள்கிறார். உள்ளே மிஷின் உறுமும். பத்து எண்ணுவதற்குள் நின்றுவிடும். இன்னும் கொஞ்சம் உள்ளே இருக்கிறது என்று அவர் காது சொல்லும். தொடையை அழுத்திப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். கதவு திறக்கும்.

"சரியா வந்துச்சா?" என்பார். "வலிக்குதா?"

சரியாக வந்தது என்று தலையாட்டுவாள். வலிக்கவில்லை என்று தலையாட்டுவாள்.

அவர் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்பார். தன் மனசு நோகக் கூடாது என்றுதான் தலையாட்டுகிறாளோ என்று தெரியாது. கேட்டால் அதற்கும் தலையாட்டத்தான் செய்வாள். ஜாடியைக் கழுவ எடுக்கும்போது, கழுவுவதற்கு முன்னால், ஜன்னலோரம் போய் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, நெடுநேரம் பார்க்கிறார்.